இறந்தவர் சாட்சி சொல்ல வரமாட்டார்

தில்லியில் கோபர்நிகஸ் மார்கில் ஃபரீத்கோட் ஹவுஸ் என்று ஒரு பெரிய கட்டடம் இருக்கிறது. தேசிய மனித உரிமைக் கமிஷன் பல வருடங்கள் அங்கேதான் இயங்கியது. பிறகு தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் வந்தது. நாட்டின் எல்லா மூலைகளிலிருந்தும் நியாயம் கேட்டு மனுக்களோடு வந்தவர்கள் ஏறி இறங்கிய படிகள் அவை. அந்தக் கட்டடத்தின் சொந்தக்காரர் யார் என்ற கேள்விக்கே 30 வருடங்களாக இன்னொரு கோர்ட்டில் வாய்தா நடந்துகொண்டிருந்தது என்பது அவர்களில் எத்தனை பேருக்குத் தெரிந்திருக்கும்?

பஞ்சாபில் இருந்த ஃபரீத்கோட் சமஸ்தானத்தின் கடைசி ராஜா ஹரீந்தர் சிங் பிரார். 1918-ல், நடை பழகும் வயதில் பட்டத்துக்கு வந்தவர். சமஸ்தானம் இந்தியாவோடு இணைந்த பிறகும் கோட்டை, அரண்மனை, சண்டிகர் அருகே மணிமாஜ்ராவில் இன்னொரு கோட்டை, சிம்லா பக்கம் மாளிகைகள், தில்லியில் கட்டடங்கள், நிலம், நகை என்று அவருக்கு நிறையவே மிஞ்சியது. மொத்த மதிப்பு ரூ. 20,000 கோடிக்கு மேல் என்று பத்திரிகைகள் எழுதின. அவருக்கு ஒரே மகன், மூன்று மகள்கள். மகன் 1981-ல் சாலை விபத்தில் இறந்தார். ராஜா அதிலிருந்து மீளவில்லை என்கிறார்கள். 1989 அக்டோபரில் அவரும் போய்ச் சேர்ந்தார்.

அதன் பிறகு வெளியே வந்தது ஓர் உயில். 1982 ஜூன் 1-ம் தேதியிட்டது. எல்லாச் சொத்தும் ஓர் அறக்கட்டளைக்கு என்று அதில் எழுதியிருந்தது. அறங்காவலர்களில் பெரும்பாலோர் ராஜாவின் ஊழியர்களும் அவரை அண்டியிருந்தவர்களும். தகப்பனார் விருப்பத்துக்கு மாறாகத் திருமணம் செய்துகொண்டார் என்று மூத்த மகள் அம்ரித் கௌருக்கு ஒன்றுமில்லை. மற்ற இரு மகள்களுக்கு அறக்கட்டளையில் பதவி. மாதச் சம்பளம் 1,200 ரூபாயும் 1,000 ரூபாயும். ராஜாவின் தாய் அப்போது உயிரோடு இருந்தார். மகனின் உயிலில் அவருக்கு இடமில்லை.

அம்ரித் கௌர் 1992-ல் சண்டிகர் கோர்ட்டில் வழக்குப் போட்டார். உயில் போலி என்றார். ராஜாவின் தம்பி இன்னொரு பக்கமிருந்து வந்தார். ராஜ குடும்பத்தில் ஆண் வழி மூத்தவருக்குத்தான் எல்லாம் என்பது மரபு, ஆகவே தனக்கே சேரவேண்டும் என்று அவர் வாதம். வழக்கு நடந்தது. நடந்தது என்றால் சாதாரணமாக அல்ல. விசாரணைக் கோர்ட்டின் தீர்ப்பு வர 2013 ஆயிற்று. உயில் போலி என்றார் நீதிபதி. 2018-ல் மாவட்ட கோர்ட் அதை ஏற்றது. 2020-ல் உயர் நீதிமன்றம் ஏற்றது. 2022 செப்டம்பர் 7 அன்று உச்ச நீதிமன்றமும் ஏற்றது. இதற்குள் இரண்டு சகோதரிகள் காலமாகிவிட்டார்கள். தீர்ப்பைக் கேட்க மூத்தவர் மட்டுமே மிஞ்சியிருந்தார்.

ஒரு விசித்திரத்தையும் சொல்லவேண்டும். உயில் செல்லாது என்றதும் ராஜா உயில் எழுதாமல் இறந்ததாகவே சட்டம் கருதும். அப்படியானால் இந்து வாரிசுச் சட்டப்படி மூன்று மகள்களுக்கும் தாய்க்கும் சமபங்கு. ஆளுக்குக் கால் பங்கு. ஆனால் தாய் தன் பங்குக்கு 1990-ல் தனியாக ஓர் உயில் எழுதியிருந்தார், இன்னொரு மகனின் வழிக்கு. அந்த உயில் உண்மையானது என்று கோர்ட் ஏற்றுக்கொண்டது. ஒரே வழக்கில், ஒரே குடும்பத்தில், மகனுடைய உயில் விழுந்தது. தாயுடைய உயில் நின்றது. அப்படியானால் கோர்ட் எதைப் பார்க்கிறது?

இந்தக் கேள்வி ராஜாக்களுக்கு மட்டும் உரியதல்ல. இரண்டு ஏக்கரும் ஓட்டு வீடும் வைத்திருப்பவர்களுக்கும் இதே சட்டம்தான், இதே கூண்டுதான், ஏறக்குறைய இதே தாமதம்தான். நாட்டின் மாவட்ட, கீழ் நீதிமன்றங்களில் தேங்கியிருக்கும் வழக்குகள் 4 கோடிக்கு மேல். தக்ஷ் என்ற அமைப்பு கோர்ட்டுகளுக்கு வந்தவர்களிடம் நடத்தி 2016-ல் வெளியிட்ட ஆய்வில், சிவில் வழக்காடுபவர்களில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பேர் நிலம், சொத்துத் தகராறுக்காக வந்தவர்கள். எதிர்த்தரப்பில் நிற்பவர் பல நேரங்களில் அந்நியர் அல்ல. ஒரே தட்டில் சாப்பிட்டு வளர்ந்தவர்.

உயில் எழுதுவது போல எளிதான காரியம் சட்டத்தில் வேறு இல்லை. முத்திரைத்தாள் வேண்டாம். வெள்ளைத் தாள் போதும். எந்த மொழியிலும் எழுதலாம். பதிவு செய்வது கட்டாயமில்லை. 1925-ம் வருட இந்திய வாரிசுரிமைச் சட்டத்தின் 63-வது பிரிவு கேட்பது இவ்வளவுதான்: எழுதியவர் கையெழுத்தோ கைநாட்டோ வைக்கவேண்டும்; குறைந்தது இரண்டு சாட்சிகள் அவர் வைப்பதைப் பார்த்திருக்கவேண்டும், அல்லது ‘இது என் கையெழுத்து’ என்று அவர் சொல்லக் கேட்டிருக்கவேண்டும்; அந்தச் சாட்சிகள் அவர் முன்னிலையில் கையெழுத்திடவேண்டும். ஒரு மத்தியான வேளையில் முடிகிற வேலை.

எழுதுவது எளிது, நிரூபிப்பதுதான் கடினம். கிரயப் பத்திரத்தில் தகராறு என்றால் விற்றவரைக் கூண்டில் ஏற்றிக் கேட்கலாம். உயிலுக்கு அந்த வசதி கிடையாது. உயில் உயிர் பெறுவதே அதை எழுதியவர் இறந்த பிறகுதான். ‘இது நீங்கள் எழுதியதுதானா, புரிந்துதான் எழுதினீர்களா’ என்று யாரைக் கேட்க வேண்டுமோ அவர் வரமாட்டார். ஆகவே சாட்சிகளில் ஒருவராவது வந்து சொல்லவேண்டும். 30 வருடம் பழைய பத்திரங்களை உண்மை என்று கோர்ட் அனுமானித்துக்கொள்ள இடமுண்டு. உயிலுக்கு அந்தச் சலுகையும் இல்லை என்று உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

மைசூர்ப் பக்கத்து வழக்கு ஒன்றில், வெங்கடாசல ஐயங்கார் எதிர் திம்மஜம்மா என்பது அதன் பெயர், 1958 நவம்பரில் உச்ச நீதிமன்றம் தந்த தீர்ப்பைத்தான் இன்றுவரை எல்லா வக்கீல்களும் காட்டுகிறார்கள். எழுதியவர் பதில் சொல்ல முடியாத நிலையில் இருப்பதால், சந்தேகத்துக்கு இடமான சூழ்நிலைகள் ஏதேனும் இருந்தால் அவற்றை விலக்கிக் காட்டும் பொறுப்பு உயிலைக் கொண்டுவருபவருடையது என்றது அந்தத் தீர்ப்பு. நீதிபதியின் மனசாட்சி சமாதானம் ஆகவேண்டும். கையெழுத்து நடுங்குகிறதா? எழுதிய காலத்தில் நினைவு தெளிவாக இருந்ததா? காரணம் சொல்லாமல் மனைவியையும் மக்களையும் ஒதுக்கியிருக்கிறதா? உயிலால் லாபமடைபவரே ஓடியாடி அதை எழுதவைத்தாரா? இவையெல்லாம் சந்தேகத்தின் அடையாளங்கள். இவற்றில் ஒன்று இருப்பதாலேயே உயில் செத்துவிடாது. பதில் வேண்டும், அவ்வளவுதான். பதிவு செய்த உயில் என்பதாலேயே அது பிழைத்துவிடவும் செய்யாது.

விதி என்னவோ நியாயமாகத்தான் இருக்கிறது. ஆனால் அதை நடத்திப் பார்க்க ஆகும் காலம்தான் மனிதர்களைத் தின்கிறது. சாட்சிகள் பெரும்பாலும் எழுதியவரின் வயதுக்காரர்கள். வழக்கு சாட்சி விசாரணைக்கு வருவதற்குள் ஒருவர் இறந்துவிடுவார், இன்னொருவருக்குக் காது கேட்காது. இரு தரப்பும் ஆளுக்கொரு கையெழுத்து நிபுணரைக் கூட்டிவரும். ஒருவர் ‘அதேதான்’ என்பார், மற்றவர் ‘இல்லவே இல்லை’ என்பார். நடுவில் வாதி இறந்தால் அவருடைய வாரிசுகளை வழக்கில் சேர்க்க மனு, பிரதிவாதி இறந்தால் அதற்கு ஒரு மனு. தாத்தாவின் உயிலைப் பற்றிய வழக்கில் தாத்தாவையே பார்த்திராத பேரன்கள் எதிரும் புதிருமாக நிற்பார்கள்.

வென்றவர்கள் கதையும் பெரிதாக மாறிவிடுவதில்லை. பாகப் பிரிவினை வழக்கில் முதலில் வருவது முதல்நிலைத் தீர்ப்பாணை. இன்னாருக்கு இவ்வளவு பங்கு என்று அது சொல்லும், எந்தப் பக்கத்துப் பங்கு என்று சொல்லாது. அதற்குக் கமிஷனர் போய், அளந்து, அறிக்கை கொடுத்து, இறுதித் தீர்ப்பாணை வரவேண்டும். இரண்டுக்கும் நடுவில் பல வருடங்கள் ஓடும். முதல்நிலைத் தீர்ப்பாணை தந்ததும், யாராவது தனியாக மனுப் போடட்டும் என்று காத்திராமல், விசாரணைக் கோர்ட்டே தானாக இறுதிக் கட்டத்துக்குப் போகவேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2022 ஜூனில் உத்தரவு போட வேண்டியிருந்தது. இந்தியாவில் வழக்காடுபவனின் கஷ்டம் தீர்ப்பு கிடைத்த பிறகுதான் ஆரம்பிக்கிறது என்ற கருத்தை லண்டனில் இருந்த பிரிவி கவுன்சில் 1872-லேயே சொல்லியாயிற்று.

என் காலனியில் ஒரு பஞ்சாபிப் பெண்மணி இருக்கிறார். அறுபது வயதைத் தாண்டியவர். ஆண்ட்டி என்றுதான் எல்லோரும் கூப்பிடுவோம். குளிர்காலத்தில் பூங்கா பெஞ்சில் வெயில் காய்ந்தபடி ஸ்வெட்டர் பின்னிக்கொண்டிருப்பார். இரண்டு மாதத்துக்கு ஒரு முறை அந்த பெஞ்ச் காலியாக இருக்கும். அன்று அவர் விடியற்காலை பஸ் பிடித்து ஹரியானாவில் பிறந்த ஊரின் மாவட்ட கோர்ட்டுக்குப் போயிருக்கிறார் என்று அர்த்தம். 11 வருடமாகப் போகிறார்.

அவருடைய தகப்பனார் ரயில்வேயில் குமாஸ்தாவாக இருந்தவர். ஓய்வு பெற்று, கிராமத்தில் 8 கில்லா நிலம் வாங்கிப் பயிர் செய்தார். ஏக்கரை அங்கே கில்லா என்பார்கள். அவர் இறந்த நாலாம் மாதம் தம்பி ஓர் உயிலைக் கொண்டுபோய்ப் பட்வாரியிடம் கொடுத்து வருவாய்க் கணக்கில் பெயர் மாற்றிக்கொண்டார். மகள்களுக்குக் கல்யாணச் செலவு செய்தாகிவிட்டது, நிலம் மகனுக்கே என்று உயிலில் எழுதியிருந்தது. பெயர் மாறியதை ஆண்ட்டி ஒரு கல்யாண வீட்டில் வேறு யாரோ சொல்லித்தான் தெரிந்துகொண்டார்.

“பாவுஜி நாற்பது வருடம் கையெழுத்துப் போட்டு வாழ்ந்தவர். என் பள்ளிக்கூட ரிப்போர்ட்டில் எல்லாம் அவர் கையெழுத்து முத்து முத்தாக இருக்கும். உயிலில் கைநாட்டு இருக்கிறது” என்றார் ஆண்ட்டி.

கடைசி நாட்களில் அப்பாவுக்குக் கை நடுங்கியது, அதனால் கைநாட்டு வைத்தார் என்று தம்பி சொல்கிறார். நடுங்கியது உண்மைதான் என்று ஆண்ட்டியும் ஒப்புக்கொள்கிறார். சாட்சிகளில் ஒருவரான ஊர் நம்பர்தார் வழக்குப் போட்ட மறுவருடமே காலமானார். மற்றவர் தம்பியின் மைத்துனர். விரல் ரேகையை ஒப்பிட அனுப்பினார்கள். மை பரவியிருக்கிறது, ஒப்பிட முடியாது என்று திரும்பி வந்துவிட்டது.

‘இந்த வயதில் இந்த நிலம் உங்களுக்கு எதற்கு ஆண்ட்டி?’ என்று ஒரு நாள் நான் கேட்டேன். கேட்டிருக்கக் கூடாது. அவர் கோபித்துக்கொள்ளவில்லை. பின்னல் ஊசியை மடியில் வைத்துவிட்டு, “நிலம் தம்பியிடமே இருக்கட்டும். பாவுஜி அப்படி எழுதினாரா, இல்லையா? அதை யாராவது எனக்குச் சொல்லவேண்டும். எழுதியிருந்தால் எழுதட்டும். எனக்குத் தெரிந்தாக வேண்டும்” என்றார்.

கோர்ட் அதைச் சொல்லுமா என்பது எனக்குச் சந்தேகமாக இருக்கிறது. உயில் நிரூபிக்கப்பட்டது, அல்லது நிரூபிக்கப்படவில்லை என்றுதான் கோர்ட் சொல்லும். தகப்பன் மனதில் மகள் இருந்தாளா என்பது தீர்ப்பு எழுதும் விஷயமல்ல.

ஆனால் ஆண்ட்டியின் வழக்கு அவருடையது மட்டுமில்லை. பெண்களுக்குச் சொத்தில் பங்கு என்று சட்டம் ஒரு கையால் கொடுத்ததை உயில் இன்னொரு கையால் எடுத்துக்கொண்ட கதை வட இந்தியா முழுவதும் இருக்கிறது. 1956-ல் இந்து வாரிசுச் சட்டம் வந்தது. தகப்பனின் சொந்தச் சொத்தில் மகனுக்கு உள்ள அதே பங்கு மகளுக்கும் என்றது. அதே சட்டத்தின் 30-வது பிரிவு, ஓர் இந்து தன் சொத்தையும் கூட்டுக்குடும்பச் சொத்தில் தன் பங்கையும் விருப்பம் போல் உயில் எழுதலாம் என்றது. நிலம் மருமகன் வீட்டுக்குப் போய்விடும் என்று பயந்தவர்களுக்கு இது போதுமானதாக இருந்தது. ஹரியானாவில் அதுவும் போதவில்லை. 1970-களின் கடைசியில் மகள்களின் பங்கையே எடுத்துவிட சட்டசபையில் மசோதா நிறைவேற்றினார்கள். குடியரசுத் தலைவரின் ஒப்புதல் கிடைக்காததால் அது நின்றது.

2005-ல் சட்டம் திருத்தப்பட்டது. பூர்விகச் சொத்தில் மகளுக்கும் பிறப்பாலேயே உரிமை வந்தது. ஆந்திரமும் தமிழ்நாடும் மகாராஷ்டிரமும் கர்நாடகமும் தத்தம் எல்லைக்குள் 1980, 90-களிலேயே இப்படித் திருத்தியிருந்தன. அந்த உரிமைக்குத் தகப்பன் 2005 செப்டம்பர் 9 அன்று உயிரோடு இருந்திருக்க வேண்டுமா என்பதில் 15 வருடம் குழப்பம் நீடித்தது. வேண்டியதில்லை என்று உச்ச நீதிமன்றம் 2020 ஆகஸ்டில் வினீதா சர்மா வழக்கில் முடித்துவைத்தது. பெரிய வெற்றிதான். ஆனால் 30-வது பிரிவு அப்படியேதான் இருக்கிறது. பூர்விகச் சொத்தில் மகளின் பங்கை இனி தகப்பன் தொட முடியாது. தன் பங்கையும், தான் சம்பாதித்ததையும் அவர் யாருக்கு வேண்டுமானாலும் எழுதலாம்.

இது இந்துக்களின் கதை மட்டுமல்ல. கேரளத்தில் 1916-ம் வருட திருவிதாங்கூர் கிறிஸ்தவ வாரிசுச் சட்டப்படி மகளுக்குக் கிடைத்தது மகனின் பங்கில் கால்வாசி, அல்லது 5,000 ரூபாய், இரண்டில் எது குறைவோ அது. மேரி ராய் அதை எதிர்த்து உச்ச நீதிமன்றம் வரை போய் 1986 பிப்ரவரியில் ஜெயித்தார். தீர்ப்பு வந்ததும் என்ன நடந்தது? தகப்பன்மார்கள் உயில் எழுதத் தொடங்கினார்கள். சட்டம் சமபங்கு என்று சொன்னது உயில் இல்லாதபோது மட்டும்தானே!

உயிலும் வேண்டாம், அன்பு போதும் என்கிற ஊர்களும் உண்டு. ராஜஸ்தானில் ‘ஹக் தியாக்’ என்பார்கள். உரிமையைத் துறத்தல். தகப்பன் இறந்ததும் சகோதரிகள் தாலுகா அலுவலகத்துக்கு வந்து, எங்கள் பங்கை அண்ணன் தம்பிகளுக்கு விட்டுக்கொடுக்கிறோம் என்று கையெழுத்திடுவார்கள். பதிலுக்குப் பிறந்த வீட்டுக் கதவு திறந்திருக்கும். 2021-ல் அந்த மாநிலத்தில் ஒரு தாலுகா அதிகாரியே, ரக்ஷாபந்தனை ஒட்டி சகோதரிகள் உரிமையைத் துறக்க முன்வரவேண்டும் என்று வேண்டுகோள் விடுத்துக் கண்டனத்துக்கு ஆளானார். விட்டுக்கொடுத்தால் நல்ல தங்கை. பங்கு கேட்டால் வழக்காடி. ஆண்ட்டியைக் கிராமத்தில் இப்போது அப்படித்தான் சொல்கிறார்களாம்.

உயில் எழுதும் சுதந்திரத்துக்கு ஒரு வரம்பு வேண்டாமா? வேண்டும் என்று கேட்டால், தனிமனித உரிமையில் கைவைக்கிறீர்கள் என்பார்கள். ஆனால் வரம்பு என்பது இந்தியாவுக்குப் புதிதல்ல. முஸ்லிம் சட்டத்தில் ஒருவர் தன் சொத்தில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல், மற்ற வாரிசுகளின் சம்மதமின்றி உயில் எழுதி வைக்க முடியாது. ராம்பூர் நவாபின் குடும்பச் சொத்து வழக்கு இதற்குப் பக்கத்தில் வருகிறது. 1966-ல் நவாப் ரஜா அலி கான் இறந்தார். கத்தியில் அமர்பவருக்கே எல்லாம் என்றார் மூத்த மகன். 1972-ல் தொடங்கிய வழக்கில் 2019 ஜூலையில், கத்திச் சம்பிரதாயம் செல்லாது, முஸ்லிம் சட்டப்படி எல்லா வாரிசுகளுக்கும் பங்கு உண்டு என்றது உச்ச நீதிமன்றம். கத்தி என்றால் அரியணை. கோவாவிலோ, போர்த்துகீசியர் விட்டுச்சென்ற சிவில் சட்ட மரபுப்படி, மதம் எதுவானாலும் சொத்தில் பாதி வாரிசுகளுக்கென்றே ஒதுக்கப்பட்டது. பிள்ளைகளை அதிலிருந்து காரணமின்றி விலக்க முடியாது. மீதிப் பாதியைத்தான் இஷ்டப்படி எழுதலாம்.

எதிர்வாதமும் வலுவில்லாதது அல்ல. நாலு பிள்ளைகளில் ஒருத்திதான் கடைசிவரை குளிப்பாட்டிச் சோறூட்டினாள் என்றால், அவளுக்கு அதிகம் எழுதத் தாய்க்கு உரிமை வேண்டும். பெண்களுக்கும் உயில்தான் சில நேரம் ஒரே பாதுகாப்பு. குழந்தையில்லாத விதவை தன் சம்பாத்தியத்தைத் தனக்குப் பிரியமானவர்களுக்கு விடவேண்டுமென்றால் உயில் எழுதாமல் முடியாது. எழுதாவிட்டால் புருஷன் வீட்டு வாரிசுகள் முன்னே வந்து நிற்பார்கள். ஆகவே உயிலை ஒழிக்கச் சொல்லவில்லை. ஒரு பாகத்தை எல்லாப் பிள்ளைகளுக்கும் என்று காப்பாற்றிவிட்டு மீதியில் சுதந்திரம் தரும் கோவா வழி பரிசீலிக்கத் தக்கது என்பதே என் கட்சி. அது வந்தால் பாதிச் சண்டைக்கு ஆதாயமே இல்லாமல் போகும். முழுச் சொத்தும் ஒருவருக்கே கிடைக்கும் என்பதால்தானே இரவோடிரவாகக் கைநாட்டுகள் பிறக்கின்றன?

சட்டம் மாறும்வரை நம் கையில் இருப்பதைச் செய்யலாம். உயில் எழுதுபவர் உடம்பு நன்றாக இருக்கும்போதே எழுதட்டும். ஆஸ்பத்திரிக் கட்டிலில் எழுதும் உயில் கோர்ட்டுக்கு அழைப்பிதழ். மனத் தெளிவோடு இருக்கிறார் என்று டாக்டரின் சான்று ஒன்று இணைக்கட்டும். தன்னைவிட இளைய, சொத்தில் சம்பந்தமில்லாத இரண்டு பேரைச் சாட்சியாகப் போடட்டும். ஒவ்வொரு சொத்தையும் சர்வே எண்ணோடு எழுதட்டும். பதிவு செய்தால் நல்லது. யாருக்காவது குறைத்துக் கொடுத்தால், ஏன் என்று ஒரு வரி எழுதட்டும். அந்த ஒரு வரி கோர்ட்டுக்கு உதவும். அதைவிட, குறைந்த பங்கு பெற்றவருக்கு உதவும். பிடிக்கவில்லையென்றால் சாகும்வரை எத்தனை முறை வேண்டுமானாலும் உயிலை மாற்றலாம். தானப் பத்திரம் அப்படியல்ல. கவனித்துக்கொள்ளவேண்டும் என்ற நிபந்தனையோடு எழுதியிருந்தால் மட்டுமே, கைவிட்ட பிள்ளையிடமிருந்து 2007-ம் வருட மூத்த குடிமக்கள் சட்டத்தின்படி அதைத் திரும்பக் கேட்க வழியுண்டு.

எல்லாவற்றுக்கும் மேல், எழுதியதைப் பிள்ளைகளைக் கூட்டி வைத்துச் சொல்லிவிடுவது நல்லது. நம் வீடுகளில் சாவைப் பற்றிப் பேசுவது அபசகுனம். சொத்தைப் பற்றிப் பேசுவது பேராசை. அதனால் இரண்டையும் பேசாமல் இறந்துவிடுகிறோம். பிறகு நாம் என்ன நினைத்தோம் என்பதை நம்மைத் தெரியாத வக்கீல்கள், நம்மைத் தெரியாத ஒரு நீதிபதியிடம், வாய்தா வாய்தாவாக ஊகித்துச் சொல்கிறார்கள்.

போன வாரம் பெஞ்ச் காலியாக இருந்தது. மறுநாள் ஆண்ட்டியிடம் என்ன ஆயிற்று என்று கேட்டேன். நீதிபதி மாற்றலாகிப் போய்விட்டாராம், புது நீதிபதி இன்னும் வரவில்லையாம். கோர்ட் வாசலில் தம்பியைப் பார்த்தாராம். அவருக்கும் முதுமை தெரிகிறது, மாடிப்படி ஏற முடியவில்லை என்றார். டீக்கடையில் இரண்டு பேரும் அடுத்தடுத்த மேஜையில் உட்கார்ந்திருந்தார்கள். தம்பி டீயை வாங்கிக் கையில் பிடித்தபோது கப்பு ஆடியது.

“பாவுஜிக்கு ஆடிய மாதிரியே” என்றார் ஆண்ட்டி.